மதகுக்கு ரெண்டு பக்கமும் ஒரே பேச்சு நிக்குமா?

கேள்வி: அக்கா, வணக்கம். நான் ஒரு ஃபேன்டஸி நாவல் எழுதிட்டு இருக்கேன். அதுல ஒரு பெரிய ஏரி, அந்த ஏரி மதகு பன்னெண்டு வருஷத்துக்கு ஒருக்கா தொறக்கும், அப்போ மட்டும் மேல்மடைக்காரங்களும் கீழ்மடைக்காரங்களும் சந்திச்சுக்கலாம். ஆனா ரெண்டு ஊருக்கும் நடுவுல நானூறு வருஷ இடைவெளி, மேல இருக்கறவங்க கீழ இருக்கறவங்களோட முன்னோர். ஒரு தடவை பேச்சு புரியாம சண்டையாகி நெறைய பேர் செத்துட்டதால, இனிமே எந்தக் காலத்துலயும் யாரும் மொழியை மாத்தக் கூடாதுன்னு ரெண்டு பக்கமும் உடன்படிக்கை போடுறாங்க, அதுக்கப்புறம் எல்லாரும் சரளமா பேசிக்கிறாங்க. வில்லனா கீழ்மடை சேனாதிபதி வர்றான். என் தங்கச்சி படிச்சுட்டு நம்பற மாதிரியே இல்லைங்கிறா. இப்படி ஒரு உடன்படிக்கை எப்படி இருக்கும், ஷரத்தெல்லாம் எப்படி எழுதணும், மேல்மடைக்காரங்களை செந்தமிழ்ல பேச விடலாமா?

பதில்:

தம்பி, உங்க கடிதத்தை ரெண்டு தடவை படிச்சேன். மேல்மடைக்காரன் தண்ணியை அடைச்சா கீழ்மடைக்காரன் வயல் காயும்னு நம்ம ஊர்ல யாருக்கும் சொல்லித் தர வேண்டியதில்லை, அந்தக் கணக்கை நீங்க பேச்சுக்கு வச்சுப் பாத்தது எனக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு. நான் பத்தொன்பது வருஷமா பத்திரம், ஒப்பந்தம், தீர்ப்புன்னு சட்ட ஆவணங்களைத்தான் மொழிபெயர்த்துட்டு இருக்கேன், அந்த வேலை செய்யறவளா எனக்குத் தோணறதைச் சொல்றேன்.

உங்க தங்கச்சி சொல்றது பாதி சரி. இப்படி ஒரு உடன்படிக்கை போட்டாங்கன்னா நம்பலாம், ராஜாக்கள் இதைவிடப் பெரிய ஆசையெல்லாம் பட்டிருக்காங்க. நம்ம கல்வெட்டுகள்ல 'சந்திராதித்தவல்'னு வரும், சந்திரனும் சூரியனும் இருக்கற வரைக்கும் இந்த தர்மம் நடக்கணும்னு அர்த்தம், இதை அழிக்கிறவன் கங்கைக்கரையில காராம்பசுவைக் கொன்ன பாவத்துல போவான்னு கடைசியில சாபமும் இருக்கும். கல்லு இன்னைக்கும் அப்படியே இருக்கு, ஆனா அதைப் படிச்சுச் சொல்ல கல்வெட்டு படிச்ச ஆள் வேணும். உங்க கதையில நம்ப முடியாதது அந்தக் கடைசி வரிதான், அதாவது உடன்படிக்கை பலிச்சிடுச்சு, எல்லாரும் சரளமா பேசிக்கிறாங்கங்கிறது. அதை மட்டும் எடுத்துடுங்க, மத்ததெல்லாம் நிக்கும்.

ஏன்னு சொல்றேன். போன வருஷம் ஒரு பையன் தாத்தா காலத்து கிரயப் பத்திரத்தை எடுத்துட்டு வந்தான், 1948ல எழுதினது, மடிப்பெல்லாம் கிழிஞ்சு பின்னாடி செலோடேப் ஒட்டியிருந்தது. அதுல 'மேற்படி பூமிக்குப் போக வர வண்டித்தட மாமூல் வழிநடை பாத்தியமும்'னு ஒரு வரி. பையன் அந்த மாமூல் மேல விரலை வச்சு, "அக்கா, எங்க தாத்தா லஞ்சம் கொடுத்தா இந்த வழியை வாங்கினாரு?"ன்னு கேட்டான், முகமே வாடிப் போச்சு. மாமூல்னா அரபில இருந்து வந்த சொல்லு, பழைய ரெவின்யூ பாஷையில வழக்கமா நடந்துட்டு வர்றதுன்னு அர்த்தம், மாமூல் பாதைன்னா காலங்காலமா ஜனங்க நடக்கிற பாதை, அப்புறம் வழக்கமா கொடுக்கற காசு, வழக்கமா வாங்கற லஞ்சம்னு மெல்ல நகர்ந்து இன்னைக்கு மாமூல்னாலே லஞ்சம்னுதான் நெறைய பேருக்குத் தோணுது. பக்கத்துத் தோட்டத்துக்காரர் அந்தத் தடத்துல வேலி போட்டுட்டாரு, அதுக்குத்தான் பையன் பத்திரத்தையே தேடி எடுத்திருக்கான், அவன் கையில இருந்த வலுவான சொல்லே அந்த மாமூல்தான், அதைப் போய் தாத்தாவோட குத்தமாப் படிச்சிட்டான். எழுபது எண்பது வருஷம்தான் ஆகுது. பத்திரத்துல யாரும் ஒரு எழுத்தைக்கூடத் தொடலை. உங்க உடன்படிக்கையை முழுசா மதிச்சு நடந்தாலும் இது நடக்கும், சொல்லு மாறாம அப்படியே இருக்கும், உள்ள இருக்கற அர்த்தம் கிளம்பிப் போயிருக்கும்.

அதனால முதல்ல நீங்க முடிவு பண்ண வேண்டியது, இந்த உடன்படிக்கையோட கை எது வரைக்கும் நீளும்ங்கிறது. நிஜ உலகத்துல எழுத்தையும் பள்ளிக்கூடத்தையும் கோர்ட்டையும் போர்டையும் சட்டம் தொட்டிருக்கு, ஆனா பேச்சு மாறறதை அதால நிறுத்த முடிஞ்சதில்லை. பிரான்ஸ்ல மொழியைக் காக்கன்னே 1635ல ஒரு அகாடமி வச்சாங்க, நாப்பது பேர், முதல் அகராதி 1694ல வந்தது, ஒன்பதாவது பதிப்பு 2024லதான் முடிஞ்சது, அந்தப் பதிப்பு தயாராகறதுக்குள்ள தெருவுல பேச்சு எங்கயோ போயிடுச்சு. போர்த்துகீசு பேசற நாடுகள் வெறும் எழுத்துக்கூட்டலை ஒண்ணாக்கறதுக்கு 1990 டிசம்பர்ல லிஸ்பன்ல கையெழுத்து போட்டாங்க, பிரேசில்ல அது கட்டாயமானது 2016ல. எழுத்துக்கூட்டலுக்கே இருபத்தஞ்சு வருஷம்னா பாத்துக்கோங்க. கொழந்தை மொழியைக் கத்துக்கிறது தொட்டில்லயும் அடுப்படியிலயும், அங்க எந்த அதிகாரி போய் நிப்பான், கொழந்தை அம்மா சொன்னதை கொஞ்சம் வேற மாதிரி பிடிச்சுக்கும், தான் மாத்தறோம்னு அதுக்கே தெரியாது. தெரியாமச் செய்யறதை குத்தம்னு எழுதி வச்சா உங்க கதையில ரெண்டு வயசுக் கொழந்தைங்கதான் முதல் குத்தவாளி, ஒரு அத்தியாயத்துக்கு அதுவே போதும்னு எனக்குத் தோணுது, ஒரு அம்மா தன் கொழந்தையோட மழலையை பாரா வர்ற நேரத்துல மறைக்கிறான்னு வையுங்க.

அப்போ நானூறு வருஷத்துல நிஜமா என்ன ஆகும்? எழுத்து ஒரு இடத்துல நிக்கும், பேச்சு ஓடிடும். இது நமக்குத் தெரியாத விஷயமா, நாம எழுதற தமிழ் ஒண்ணு பேசற தமிழ் ஒண்ணுதானே, இந்தப் பதிலைக்கூட நான் பேசற மாதிரி டைப் பண்ணிட்டு அடுத்த ஃபைலைத் தொறந்தா 'இதனால் அறிவிக்கப்படுவது யாதெனில்'னு ஆரம்பிக்கப் போறேன். மேல்மடையும் கீழ்மடையும் ஒருத்தருக்கொருத்தர் ஓலை எழுதிக்கலாம், நேர்ல நின்னு பேசினா புரியாது. ரெண்டையும் தெரிஞ்சவங்கன்னு நடுவுல ஒரு கூட்டம் உருவாகும், எழுதினதுக்கு இதுதான் அர்த்தம்னு சொல்ற உரிமை அவங்க கைக்குப் போயிடும். நச்சினார்க்கினியர் பத்துப்பாட்டுக்கு உரை எழுதினது அந்தப் பாட்டுகள் பொறந்து ஆயிரம் வருஷத்துக்கும் அப்புறம், அவர் மாதிரி உரையாசிரியர்கள் இல்லைன்னா நாம இன்னைக்கு முழிச்சுட்டு நிப்போம், அந்த நன்றி எனக்கு நெறைய உண்டு. ஆனா பாட்டுக்கு உரை சொல்றவர் வேற, தண்ணி யாருக்குன்னு சொல்ற பத்திரத்துக்கு உரை சொல்றவர் வேற. ரெண்டாவது ஆள் கையில ஊரே இருக்கும். உங்க கதையோட வில்லனை நீங்க கீழ்மடை சேனாதிபதின்னு எழுதியிருக்கீங்க, என்னைக் கேட்டா அந்த இடத்துல ஒரு ஓலைநாயகத்தை, அதாவது எழுத்தை வச்சு அதிகாரம் பண்ற ஆளை உக்கார வைப்பேன், அவன் கெட்டவனாக்கூட இருக்க வேண்டாம்.

இன்னொண்ணு, உடன்படிக்கைக்குக் கூடற சபையில மேல்மடையோட இலக்கண ஆசான் ஒருத்தர் கண்டிப்பா இருப்பார், அவர் முதல்லயே எந்திரிச்சு ஆட்சேபிக்கணும். தொல்காப்பியத்துலயே 'கடிசொல் இல்லைக் காலத்துப் படினே'ன்னு இருக்கு, காலத்தோட வழக்குக்கு வந்த சொல்லை வேண்டாம்னு தள்ளக் கூடாதுன்னு அர்த்தம். நன்னூல்ல 'பழையன கழிதலும் புதியன புகுதலும் வழுவல'ன்னு இன்னும் வெளிப்படையா வருது. பழைய காலத்து ஆளுங்கன்னா மாறவே கூடாதுன்னு பிடிவாதம் பிடிப்பாங்க, புதுசுங்கதான் மாத்தச் சொல்லும்னு நாமளா நெனச்சுக்கறோம், உங்க கதையில அது தலைகீழா இருக்கறதுதான் இயல்பு. ஏன்னா தண்ணிக் கணக்கையே போட்டுப் பாருங்க. மேல்மடைக்காரனுக்கு கீழ இருந்து எதுவும் வரப்போறதில்லை, அவன் பேச்சை எதுக்குக் கட்டிப் போடணும்? கீழ்மடைக்காரனோட சொத்து, பட்டம், சாமி எல்லாம் மேல எழுதி வச்ச ஓலையில இருக்கு, அவனுக்குத்தான் பயம். அப்போ மேல இருக்கறவன் கையெழுத்து போட அவனுக்கு என்ன கிடைச்சதுன்னு நீங்க சொல்லியாகணும், வைத்தியமா, விதைநெல்லா, வரப்போற பஞ்சம் எந்த வருஷம்னு ஒரு தகவலா, அது உங்க இஷ்டம். இதுவரைக்கும் உங்க கடிதத்துல அது இல்லை, தங்கச்சிக்கு நம்பிக்கை வராததுக்கு இதுவும் ஒரு காரணமா இருக்கும்.

சரி, ஷரத்து. ஒப்பந்தம் படிக்கறவங்க எல்லாரும் மண்டையைப் போட்டு உடைச்சுக்கற ஒரு இடம் இருக்கு, உங்க கதைக்காகவே செஞ்ச மாதிரி. 1969 வியன்னா உடன்படிக்கைன்னு ஒண்ணு, நாடுகளுக்குள்ள போடற ஒப்பந்தங்களை எப்படிப் படிக்கணும்னு விதி சொல்றது, அதோட 31ஆவது பிரிவு சொல்லுக்கு அதோட சாதாரண அர்த்தத்தைக் கொடுன்னு சொல்லுது. எந்தக் காலத்து சாதாரண அர்த்தம்? எழுதின அன்னைக்கு இருந்ததா, படிக்கற இன்னைக்கு இருக்கறதா? மத்திய அமெரிக்காவுல சான் ஹுவான்னு ஒரு ஆறு, ஆறு நிகரகுவாவோடது, ஆனா கோஸ்டா ரிகா அதுல படகு விட்டுக்கலாம்னு 1858ல ஒப்பந்தம். ஸ்பானிஷ்ல 'கோன் ஒப்ஹேத்தோஸ் தெ கொமெர்சியோ'ன்னு நாலே சொல்லு. நிகரகுவா சொன்னது, ஒப்ஹேத்தோஸ்னா பொருள், சரக்கு, அன்னைக்கு வியாபாரம்னாலே சரக்கு விக்கறதுதான், அதனால சரக்குப் படகு மட்டும் போகட்டும்னு. கோஸ்டா ரிகா சொன்னது, அதுக்கு நோக்கம்னு அர்த்தம், வியாபார நோக்கத்தோட போற படகு எல்லாமே போகலாம், சுத்திப் பாக்க வர்றவங்களை ஏத்திட்டுப் போறதும் வியாபாரம்தான்னு. 1858ல அந்த ஆத்துல டூரிஸ்ட் படகுன்னு ஒண்ணை யார் நெனச்சுப் பாத்திருப்பாங்க. கேஸ் ஹேக் நகரத்து சர்வதேச கோர்ட் வரைக்கும் போய் 2009 ஜூலைல தீர்ப்பு வந்தது, நோக்கம்ங்கிற அர்த்தம்தான் சரி, அது போக வியாபாரம் மாதிரி பொதுவான சொல்லை முடிவு தேதியே இல்லாத ஒப்பந்தத்துல போட்டவங்க, அந்தச் சொல்லு காலத்தோட வளரும்னு தெரிஞ்சுதான் போட்டிருக்கணும், அதனால இன்னைக்கு அர்த்தம் செல்லும்னு. ஒரு சொல்லுக்கு நூத்தம்பத்தோரு வருஷம் கழிச்சு வாதாடியிருக்காங்க. உங்களுக்கு இன்னொரு வசதி இருக்கு, அந்த கோர்ட்டால 1858ல கையெழுத்து போட்டவங்களைக் கூப்பிட்டுக் கேக்க முடியாது, உங்க மதகு தொறந்தா கீழ்மடைக்காரன் நேரா மேல போய் "நீங்க எந்த அர்த்தத்துல எழுதினீங்க?"ன்னு எழுதினவனையே கேக்கலாம். அவன் சொல்ற பதில் கீழ்மடைக்கு நஷ்டமா இருந்தா என்ன செய்வாங்க? அதை எழுதுங்க தம்பி, நான் படிக்கக் காத்திருக்கேன்.

பிரதி விஷயம் ஒண்ணு. உடன்படிக்கையை ரெண்டு பக்கத்துப் பேச்சுலயும் எழுதினாங்கன்னா, எந்தப் பிரதி செல்லும்னு ஒரு வரி கண்டிப்பா போடுங்க, இல்லை வேணும்னே விட்டுடுங்க. 1889ல எத்தியோப்பியாவும் இத்தாலியும் வுச்சாலேங்கிற இடத்துல ஒப்பந்தம் போட்டாங்க. 17ஆவது ஷரத்து அம்ஹாரிக் பிரதியில, மன்னர் மெனெலிக் மத்த நாடுகளோட பேச இத்தாலியைப் பயன்படுத்திக்கலாம்னு இருந்தது, இத்தாலிப் பிரதியில பயன்படுத்தியாகணும்ங்கிற மாதிரி. 'லாம்' ஒண்ணு, 'ணும்' ஒண்ணு, அவ்வளவுதான் வித்தியாசம். அந்த இடைவெளியில எத்தியோப்பியாவே தங்களோட பாதுகாப்புல இருக்குன்னு இத்தாலி உரிமை கொண்டாடி, 1896 மார்ச் 1ஆம் தேதி அட்வாவுல போராகி இத்தாலி தோத்துப் போனது வரைக்கும் போச்சு.

தமிழ்லயே எழுதறதால உங்களுக்கு இதைவிட நுணுக்கமான ஒண்ணு கையில இருக்கு. இன்னைக்கு நாம சர்வ சாதாரணமா சொல்ற 'தருகிறேன்', 'தருகின்றேன்' மாதிரி நிகழ்கால வினை சங்கப் பாட்டுகள்ல அரிதிலும் அரிது, நடந்தது, நடக்காததுன்னு ரெண்டா வச்சு அவங்க பேசிட்டாங்க. மேல்மடை ஓலையில 'நீர் தருவர்'னு இருந்தா அது இப்பவும் தர்றாங்கன்னா, இனிமே தருவாங்கன்னா? கீழ்மடை மொழிபெயர்ப்பாளர் ஏதாவது ஒண்ணைத் தேர்ந்தெடுத்துத்தான் ஆகணும், ரெண்டையும் மூடி மறைக்க அவர் பேச்சு விடாது. நான் தினமும் மாட்டிக்கற இடம் இதுதான். இதோட பழைய ஓலையில புள்ளி வைக்க மாட்டாங்க, எகரமும் ஏகாரமும் ஒரே மாதிரி தெரியும், 'எறி'யா 'ஏறி'யான்னு சந்தர்ப்பத்தை வச்சுத்தான் படிக்கணும், மதகுல ஏறி வந்தவனுக்குத் தண்டனையா, கல்லை எறிஞ்சவனுக்கா? உங்க உலகத்துல நானூறு வருஷம்தான்னாலும் கற்பனை மொழிக்கு வேகத்தை நீங்க கூட்டிக்கலாம், யாரும் கேக்க மாட்டாங்க.

மொழியை நிறுத்தற ஷரத்துக்குப் பதிலா, இல்லை அது தோத்துப் போன அப்புறம், திரும்பத் திரும்பப் படிக்கச் சொல்ற ஷரத்து ஒண்ணு வரட்டும். இதை நான் ரொம்ப அழுத்திச் சொல்வேன், ஏன்னா காலத்தைத் தாண்ட நெனச்சவங்க நெஜமாவே இதைத்தான் செஞ்சிருக்காங்க. மூவாயிரத்து இருநூறு வருஷத்துக்கும் முன்னாடி இன்னைக்கு துருக்கி இருக்கற பக்கம் ஆண்ட ஹிட்டைட் மன்னர் முவாடல்லி, தனக்குக் கீழ இருந்த விலுசா நாட்டு அலக்ஸந்துவோட போட்ட ஒப்பந்தத்துல, இந்தப் பலகையை வருஷத்துக்கு மூணு தடவை உன் முன்னாடி படிச்சுக் காட்டணும்னே எழுதியிருக்கு. ஐஸ்லாந்துல 930ல கூட ஆரம்பிச்ச ஆல்திங் சபையில சட்டம் சொல்றதுக்குன்னே ஒருத்தர், வருஷத்துக்கு மூணுல ஒரு பங்கு சட்டத்தை எல்லார் முன்னாடியும் வாயால சொல்லணும், மூணு வருஷத்துல முழுசும் முடியும், அங்க சட்டத்தை எழுதி வைக்க ஆரம்பிச்சதே கிட்டத்தட்ட இருநூறு வருஷம் கழிச்சுத்தான். அமெரிக்காவுல நியூ மெக்ஸிகோவுல உப்புப் பாறைக்கு அடியில அணுக்கழிவைப் புதைக்கறாங்க, பத்தாயிரம் வருஷம் கழிச்சு வர்றவனுக்கு இங்க தோண்டாதேன்னு எப்படிச் சொல்றதுன்னு 1990கள்ல மொழியியல் ஆளுங்களையும் கூப்பிட்டு யோசிச்சாங்க. எந்த மொழியும் அவ்வளவு காலம் நிக்காதுன்னு ஒத்துக்கிட்டு, இதைப் படிக்கக் கஷ்டமா இருந்தா நீங்க பேசற மொழியில புதுசா எழுதி வையுங்கன்னு அந்தச் சேதியிலயே சேர்க்கச் சொன்னாங்க. எனக்கு இதைப் படிச்ச அன்னைக்கு ராத்திரி தூக்கமே வரலை, முகம் தெரியாத ஒருத்தன்கிட்ட நீயும் மொழிபெயர்த்து வைடான்னு கெஞ்சற மாதிரி இருந்தது. உங்க மதகு பன்னெண்டு வருஷத்துக்கு ஒருக்கா தொறக்குதே, அந்த நாள்ல ரெண்டு பக்கமும் உடன்படிக்கையை சத்தமாப் படிக்கணும், புரியாத சொல்லு வந்தா யாரு வேணாலும் கையைத் தூக்கலாம்னு வச்சுப் பாருங்க. அந்தக் கூட்டத்தை யாரோ ஒரு தலைமுறையில நிறுத்திட்டான்னா, யாரு நிறுத்தினான்னு தேடிப் போனாலே கதை வந்துடும்.

கடைசியா பேச்சு. மேல்மடைக்காரங்களை மேடை நாடகத்துல வர்ற ராஜா மாதிரி பேச வைக்காதீங்க, அவங்களுக்கும் அடுப்படி இருக்கு, கொழந்தையைத் திட்டற பேச்சு இருக்கு. ஒரு ரெண்டு மூணு வித்தியாசத்தைத் தேர்ந்தெடுத்து அதை மட்டும் கடைசி வரைக்கும் விடாமப் பிடிங்க. நாத்தம்னா அந்தக் காலத்துல வாசனைங்கறதை எல்லாரும் எழுதிட்டாங்க, அதை விட்டுடுங்க. 'கிழவன்' எடுத்துக்கோங்க. கிழமைன்னா உரிமை, கிழவன்னா உரியவன். 'செல்லான் கிழவன் இருப்பின்'னு குறள்ல வர்றது வயசானவரை இல்லை, போய்ப் பாக்காம வீட்டுல உக்காந்திருக்கற நிலத்துக்காரனை. மேல்மடை ஓலையில 'மடை நீர் கிழவனதே'ன்னு ஒரு ஷரத்து இருக்கட்டும். கீழ்மடையில நானூறு வருஷமா ஊர்லயே வயசுல மூத்தவர் கையிலதான் தண்ணி முறை இருக்கு, அதுக்குன்னு பட்டம் கட்டற சடங்கு இருக்கு, அவங்களுக்குள்ள பெரிய மரியாதை அது. மதகு தொறக்குது, மேல இருந்து இருபது வயசுப் பொண்ணு ஒருத்தி, நிலத்துக்குச் சொந்தக்காரி, ஓலையோட வந்து தண்ணி என்னோடதுன்னு நிக்கறா. அந்த எண்பது வயசுப் பெரியவரும் அவளும் ஒரே வரியைக் காட்டி அவங்கவங்க உரிமையைச் சொல்றாங்க, ரெண்டு பேருமே பொய் சொல்லலை.

அந்த ஷரத்தை மூணு தடவை எழுதிப் பாருங்க, மேல்மடை எழுதினபடி ஒண்ணு, ஓலைநாயகம் படிச்சபடி ஒண்ணு, கீழ்மடைக் கொழந்தைங்க வாயில பாட்டா மாறினபடி ஒண்ணு. எழுதினதும் அனுப்பி வையுங்க, நான் பத்திரம் பாக்கற மாதிரியே உக்காந்து சொல்லு சொல்லாப் பாத்துத் தர்றேன். தங்கச்சிக்கிட்டயும் ஒரு பிரதி கொடுங்க, எந்த இடத்துல புருவத்தைச் சுருக்கறான்னு பாத்து குறிச்சு வச்சுக்கோங்க.